ட்ரம்ஸின் பின்னால் இருந்த குரல்: கரன் காப்பென்டர் (1950–1983)

1970களில் விடுதியிலோ வீட்டு விறாந்தையிலோ வானொலிப் பெட்டிக்கு அருகில் அமர்ந்து இலங்கை வானொலியின் ஆங்கில சேவையைக் கேட்டவர்களுக்குக் காப்பென்டர்ஸ் என்ற பெயரை அறிமுகஞ் செய்ய வேண்டியதில்லை. அண்ணன் பியானோ வாசிக்கத் தங்கை பாடிய அமெரிக்கப் பொப் இசைக்குழு அது. பாடல் ஒலிபரப்பாகும்போது வரிகளை அவசரமாகக் கொப்பியின் கடைசித் தாளில் எழுதிக்கொண்ட எம்மவர் பலர் இன்று பேரப்பிள்ளைகளோடு இருக்கிறார்கள். அவர்களுள் சிலர் கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும், வேறு சிலர் ரொறன்ரோவிலும் லண்டனிலும் சிட்னியிலும் இருக்கிறார்கள். அந்தக் குரல் எங்கேனும் ஒலித்தால் இன்றும் ஒரு கணம் கைவேலையை நிறுத்திவிட்டுக் கேட்பார்கள்.

கல்விமான்களினதும் சமூகத் தொண்டர்களினதும் வரலாறுகள் இடம்பெறும் ஒரு நூற்றாண்டு மலரில் பொப் பாடகி ஒருவருக்கு என்ன இடம் என்று சிலர் கேட்கலாம். கரன் காப்பென்டரின் குரலை உலகம் முழுவதும் கேட்டது. ஆனால் அந்தக் குரலுக்குரிய பெண்ணுக்கு என்ன நேர்கிறது என்பதை அருகில் இருந்தவர்களாலும் உரிய வேளையில் விளங்கிக்கொள்ள முடியவில்லை. 32 வயதில் அவர் இறந்தபோதுதான் ஒரு நோயின் பெயர் பல நாடுகளின் வீடுகளுக்குள் முதன்முறையாக நுழைந்தது. பெண்பிள்ளைகளைப் படிப்பித்து ஆளாக்கும் ஒரு பாடசாலையின் மலரில் அந்த வரலாறு இருக்க வேண்டும் என்றே நாம் கருதுகிறோம்.

பிறப்பும் குடும்பமும்

கரன் ஆன் காப்பென்டர் 1950ஆம் ஆண்டு மார்ச் 2ஆம் திகதி அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்திலுள்ள நியூ ஹேவன் நகரில் பிறந்தார். தந்தையார் ஹரல்ட், சீனாவில் மிஷனரிமாராகப் பணியாற்றிய பெற்றோருக்கு அங்கேயே பிறந்தவர். பின்னர் அமெரிக்காவில் அச்சுத்தொழிலில் ஈடுபட்டார். அமைதியான சுபாவமுடையவர், இசைத்தட்டுகளைச் சேர்ப்பதில் பெருவிருப்பங் கொண்டவர். தாயார் அக்னெஸ் வீட்டைத் துப்புரவாகவும் ஒழுங்காகவும் வைத்திருப்பதில் கண்டிப்பானவர். வீட்டில் எல்லா முடிவுகளும் அவரிடமே இருந்தன.

கரனுக்கு மூன்றரை வயது மூத்தவர் அண்ணன் ரிச்சர்ட். சிறு வயதிலேயே பியானோவில் தேர்ச்சி பெற்ற பிள்ளை. குடும்பத்தின் நம்பிக்கை முழுவதும் அவர்மீதே இருந்தது. அவருக்கு இசைத்துறையில் நல்ல வாய்ப்புக் கிடைக்க வேண்டும் என்பதும் ஒரு காரணமாக, 1963இல் குடும்பம் கிழக்குக் கரையிலிருந்து புறப்பட்டுக் கலிபோர்னியாவில் லொஸ் ஏஞ்சல்ஸுக்கு அண்மையிலுள்ள டௌனி என்ற ஊரில் குடியேறியது. கரனுக்கு அப்போது 13 வயது. தெருவில் பையன்களோடு பேஸ்போல் விளையாடுவதே அவருடைய விருப்பம். அவரிடம் இசைத் திறமை இருக்கக்கூடும் என்று அப்போது எவரும் எண்ணவில்லை.

பாடசாலையில் கண்டெடுத்த இடம்

கரனுடைய இசை வாழ்வைத் தொடக்கி வைத்தது பாடசாலை. டௌனி உயர்தரப் பாடசாலையில் காலையில் நடைபெற்ற உடற்பயிற்சிப் பாடம் அவருக்குப் பிடிக்கவில்லை. பாண்ட் வாத்தியக் குழுவில் சேர்ந்தால் அந்தப் பாடத்திலிருந்து தப்பலாம். அண்ணன் இசை ஆசிரியரிடம் பேசி இடம் பெற்றுக் கொடுத்தார். வாத்தியம் எதுவும் தெரியாத பிள்ளை என்பதால் குளொக்கன்ஸ்பீல் எனப்படும், உலோகத் தகடுகளைத் தட்டி ஒலியெழுப்பும் கருவியை அவருடைய கையில் கொடுத்தார்கள். அதைச் சுமந்துகொண்டு அணிவகுப்பில் நடந்தபோது அவருடைய கண் ட்ரம்ஸ் வாசிக்கும் வரிசையிலேயே இருந்தது.

தாமும் ட்ரம்ஸ் வாசிக்க வேண்டும் என்று கேட்டபோது ஆசிரியர் தயங்கினார். பெண்பிள்ளைகள் ட்ரம்ஸ் வாசிப்பது அன்றைய அமெரிக்காவிலும் வழக்கமாக இருக்கவில்லை. கரன் விடவில்லை. வீட்டிலிருந்த உயரமான முக்காலிகளை அடுக்கி, சீன உணவுக் குச்சிகளால் தட்டித் தட்டிப் பழகினார். டேவ் புரூபெக்கின் ஜாஸ் இசைத்தட்டுகளை ஒலிக்கவிட்டு, அவற்றிலுள்ள சிக்கலான தாளங்களை அப்படியே பின்பற்றினார். இந்த ஆர்வம் சில நாள்களில் தணிந்துவிடும் என்று எண்ணிய பெற்றோர் ஈற்றில் அவருக்கென ஒரு ட்ரம்ஸ் தொகுதியை வாங்கிக் கொடுத்தனர். குறுகிய காலத்திலேயே அவர் தேர்ந்த வாத்தியக்காரர்களுக்கு இணையாக வாசித்தார்.

பிற்காலத்தில் உலகம் அவரைப் பாடகி என்றே கொண்டாடியது. அவரோ தம்மை, இடையிடையே பாடவும் செய்யும் ஒரு ட்ரம்ஸ் கலைஞர் என்றே கருதி வந்தார். அந்தக் கருவி அண்ணனிடமிருந்து வந்ததன்று, பெற்றோர் தெரிவு செய்ததுமன்று. ஆசிரியரின் தயக்கத்தையும் தாண்டிப் பாடசாலையில் அவரே கண்டெடுத்துக் கைப்பற்றிய இடம் அது.

வெளிப்பட்ட குரல்

1966இல் ரிச்சர்ட்டும் கரனும் ஒரு நண்பரும் சேர்ந்த மூவர் குழு, ஹொலிவூட் போல் திறந்தவெளி அரங்கில் நடைபெற்ற இளைஞர் இசைக்குழுப் போட்டியில் முதலிடம் பெற்றது. கரனுக்கு அப்போது 16 வயது. அவர் ட்ரம்ஸ் வாசித்தாரேயன்றிப் பாடவில்லை. அதே ஆண்டில் லொஸ் ஏஞ்சல்ஸில் ஓர் இசைக்கலைஞர் தமது வீட்டுக் கராஜில் வைத்து அவருடைய குரலை ஒலிப்பதிவு செய்து, சிறியதொரு நிறுவனத்தின் மூலம் ஓர் இசைத்தட்டை வெளியிட்டார். 500 பிரதிகளே அச்சாகின. பெரிதாக எதுவும் நடக்கவில்லை என்றாலும் கரனிடம் ஒரு குரல் இருக்கிறது என்பது அன்று தெரியவந்தது.

லோங் பீச்சிலுள்ள கலிபோர்னியா அரச பல்கலைக்கழகத்தில் பாடகர் குழுவை நடத்திய பிராங்க் பூலர் என்ற ஆசிரியர் அந்தக் குரலின் தன்மையை இனங்கண்டார். கரனின் குரல் பெண்குரல்களில் தாழ்ந்த வகையைச் சேர்ந்தது. எமது இசை மரபில் சொல்வதானால் மந்திர ஸ்தாயியில் அது மிக அழகாக ஒலித்தது. பெரும்பாலான பாடகியர் மேலே ஏறிச் சென்று கேட்போரை வியக்க வைப்பர். கரனோ கீழே இறங்கி வந்து காதருகில் பேசுவதுபோலப் பாடினார். மூச்சு வாங்கும் ஓசை கேட்கும் அளவுக்கு ஒலிவாங்கிக்கு அருகில் நின்று, குரலை உயர்த்தாமல், ஒவ்வொரு சொல்லையும் தெளிவாக உச்சரித்தார். ஆங்கிலத்தைப் பாடசாலையில் பாடமாகப் படித்த எம் போன்றோருக்கும் அவர் பாடிய சொற்கள் தெளிவாக விளங்கியமைக்கு அதுவே காரணம்.

கரன் பாடல் இயற்றியவர் அல்லர். இசையமைப்பும் வாத்திய ஒழுங்கும் ரிச்சர்ட்டினுடையவை. அவர்களுடைய சொந்தப் பாடல்கள் பலவற்றுக்கு வரிகள் எழுதியவர் பல்கலைக்கழக நண்பரான ஜோன் பெட்டிஸ். அண்ணன் தங்கை இருவரின் குரல்களையும் திரும்பத் திரும்பப் பதிவு செய்து, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, இரண்டு பேரை ஒரு பெரிய பாடகர் குழுவாக ஒலிக்கச் செய்வது ரிச்சர்ட் கையாண்ட உத்தி. பின்னணியில் எழும் அந்தக் கூட்டுக்குரல்கள் யாருடையவை என்று அந்நாளில் நாம் வியந்ததுண்டு. அவை பெரும்பாலும் அவர்கள் இருவருடையவையே.

பல நிறுவனங்கள் அவர்களை ஏற்கவில்லை. உரத்த றொக் இசை கொடிகட்டிப் பறந்த காலத்தில் இவ்வளவு மென்மையான இசையை எவர் வாங்குவார் என்று அவை எண்ணின. எக்காள வாத்தியக் கலைஞரும் ஏ அன்ட் எம் நிறுவனத்தின் பங்காளருமான ஹேர்ப் அல்பேர்ட் மட்டும் அந்தக் குரலைக் கேட்டு 1969 ஏப்ரலில் அவர்களை ஒப்பந்தம் செய்தார். கரனுக்கு 19 வயது. சட்டப்படி வயது வராதவராகையால் பெற்றோரும் அதில் கையொப்பமிட வேண்டியிருந்தது.

புகழின் ஆண்டுகள்

முதல் இசைத்தட்டு அதிகம் விலைபோகவில்லை. 1970இல் பேர்ட் பக்கராக் இசையமைத்து ஹால் டேவிட் எழுதிய 'குளோஸ் ரு யூ' என்ற பாடலை அவர்கள் தமது பாணியில் பாடினார்கள். அது அமெரிக்கத் தரவரிசையில் நான்கு வாரங்கள் முதலிடத்தில் நின்றது. அடுத்து ஒரு வங்கியின் தொலைக்காட்சி விளம்பரத்தில் ஒலித்த மெட்டொன்றை ரிச்சர்ட் கேட்டார். போல் வில்லியம்ஸும் ரொஜர் நிக்கல்ஸும் உருவாக்கிய அந்த மெட்டை முழுப்பாடலாக்கிப் பாடினார்கள். 'வீ ஹாவ் ஒன்லி ஜஸ்ட் பிகன்' என்ற அந்தப் பாடல் பல நாடுகளில் திருமண வைபவங்களின் பாடலாயிற்று.

1971இல் நடைபெற்ற கிராமி விழாவில் சிறந்த புதுக் கலைஞர் விருது உட்பட இரண்டு விருதுகள் அவர்களுக்குக் கிடைத்தன. அவ்வாண்டில் 'றெய்னி டேய்ஸ் அன்ட் மன்டேய்ஸ்', 'சுப்பஸ்டார்' ஆகிய பாடல்கள் வெளிவந்தன. 'சுப்பஸ்டார்' பாடலின் வரிகளை ரிச்சர்ட் ஒரு கடதாசித் துவாலையில் கிறுக்கிக் கொடுக்க, அதைப் பார்த்துக் கரன் ஒத்திகைக்காக முதல் தடவை பாடியதே இறுதியில் இசைத்தட்டிலும் இடம்பெற்றது. 1973இல் 'யெஸ்ரடே வன்ஸ் மோர்', 'டொப் ஒப் த வேர்ல்ட்' ஆகிய பாடல்கள் உலகெங்கும் ஒலித்தன. இரண்டும் ரிச்சர்ட்டும் பெட்டிஸும் ஆக்கியவை. பழைய வானொலிப் பாடல்களை நினைத்து ஏங்கும் முதற் பாடல் ஆசிய நாடுகளில், சிறப்பாக யப்பானில், பெரும் வரவேற்பைப் பெற்றது. அவ்வாண்டு மே மாதத்தில், மேற்கு ஜேர்மனியின் தலைவர் வில்லி பிரான்டுக்கு அளிக்கப்பட்ட விருந்தில் வெள்ளை மாளிகையிலும் அவர்கள் பாடினார்கள்.

வருமானம் குவிந்தது. டௌனியில் இரண்டு அடுக்குமாடிக் குடியிருப்புகளை வாங்கி, தமது முதலிரண்டு வெற்றிப் பாடல்களை நினைவூட்டும் பெயர்களை அவற்றுக்குச் சூட்டினார்கள். ஆனால் ஓய்வு இருக்கவில்லை. சில ஆண்டுகளில் இசை நிகழ்ச்சிகளின் எண்ணிக்கை 150ஐயும் தாண்டியது. நிகழ்ச்சிகளுக்கிடையே ஒலிப்பதிவும் தொலைக்காட்சியும் இருந்தன. இருபதுகளின் நடுப்பகுதி வரை கரன் பெற்றோரின் வீட்டிலேயே வாழ்ந்தார். உலகப் புகழ் பெற்ற அந்தப் பெண் தாம் எங்கே இருப்பது, எதைச் செய்வது என்பவற்றைத் தாமே தீர்மானித்த சந்தர்ப்பங்கள் மிகச் சில.

முன்னால் கொண்டுவந்து நிறுத்தியபோது

தொடக்கத்தில் கரன் ட்ரம்ஸ் வாசித்துக்கொண்டே பாடினார். அவர் உயரமானவர் அல்லர். உயர்ந்த ட்ரம்ஸ் தொகுதியின் பின்னால் இருந்தால் சபையோருக்குத் தலை மட்டுமே தெரியும். பாடுபவர் முகத்தைக் காணவில்லை என்று பத்திரிகைகள் குறை கூறின. அவர் எழுந்து மேடையின் முன்னால் வந்து நிற்க வேண்டும் என்று முகாமையாளர்களும் வற்புறுத்தினர். கரனுக்கு அதில் சிறிதும் விருப்பமில்லை. எனினும் படிப்படியாக இணங்கினார். ட்ரம்ஸ் வாசிக்க வேறொருவர் அமர்த்தப்பட்டார். இடையில் ஒருசில பாடல்களுக்கு மட்டும் கரன் பழைய இடத்துக்குத் திரும்பினார். 1975இல் ஒரு சஞ்சிகை தன் வாசகரிடையே நடத்திய வாக்கெடுப்பில் சிறந்த ட்ரம்ஸ் கலைஞராகத் தெரிவு செய்யப்பட்டவரும் அவரே. 1976இல் ஒளிபரப்பான அவர்களுடைய தொலைக்காட்சி நிகழ்ச்சியில், மேடை முழுவதும் பரப்பி வைக்கப்பட்ட ட்ரம்ஸ் தொகுதிகளுக்கிடையே ஓடியோடி வாசிக்கும் கரனின் முகத்தில் தெரியும் மகிழ்ச்சி, பாடும்போது அவரிடம் அரிதாகவே காணப்பட்டது.

முன்னால் வந்து நின்றபின் கரனின் தோற்றமும் பேசுபொருளாயிற்று. பத்திரிகைகள் அவருடைய உடையையும் உடலையும் எடைபோட்டன. பதின்ம வயதில் அவர் சற்றுப் பருமனாக இருந்தவர். அப்போதே வைத்தியர் ஒருவரின் ஆலோசனைப்படி எடையைக் குறைத்திருந்தார். 1973 அளவில் மேடையில் எடுத்த ஒரு புகைப்படத்தைப் பார்த்துத் தாம் பருமனாகத் தெரிவதாகக் கலங்கியவர், மீண்டும் உணவைக் குறைக்கத் தொடங்கினார். முதலில் எல்லோரும் பாராட்டினார்கள். எடை குறைந்த பின்பும் அவர் நிறுத்தவில்லை.

சாப்பாட்டு மேசையில் தமது கோப்பையிலுள்ளதைச் சுவை பார்க்கும்படி மற்றவர்களுக்குப் பங்கிட்டுக் கொடுப்பார். மெலிவு தெரியாதிருக்க உடைக்குமேல் உடை அணிவார். 1975இல் மேடைக்கு அவர் வந்தபோது சபையிலிருந்தவர்கள் திகைத்து மூச்சடக்கினார்கள். அவ்வாண்டு லாஸ் வேகாசில் உடல் தளர்ந்து பாட முடியாமற் போயிற்று. நுழைவுச்சீட்டுகள் விற்றுத் தீர்ந்திருந்த பிரித்தானியச் சுற்றுப்பயணமும் யப்பான் பயணமும் கைவிடப்பட்டன. சில வாரங்கள் படுக்கையில் இருந்து தேறினார். களைப்பு என்றே வெளியே சொல்லப்பட்டது. வீட்டாரும் அப்படித்தான் நம்ப விரும்பினர். நன்றாகச் சாப்பிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்பதே அவர்களுடைய எண்ணமாக இருந்தது.

நிறைவேறாத விருப்பங்கள்

1978இன் இறுதியில் ரிச்சர்ட்டும் தடுமாறினார். நித்திரைக் குளிசைகளுக்கு அடிமையாகியிருந்த அவர் 1979இன் தொடக்கத்தில் கன்சாஸ் மாநிலத்தின் டொபேக்கா நகரில் சிகிச்சை பெற்றுக் குணமடைந்தார். அவர் ஓய்விலிருந்த காலத்தில் கரன் முதன்முறையாக அண்ணன் இல்லாமல் ஒரு தனி இசைத்தட்டைத் தயாரிக்கத் துணிந்தார். நியூயோர்க் சென்று, புகழ்பெற்ற தயாரிப்பாளர் பில் ரமோனுடன் பல மாதங்கள் உழைத்தார். தமது சொந்தப் பணத்தையும் பெருந்தொகையாகச் செலவிட்டார். அதை முடித்து 1980இல் நிறுவனத்தாருக்கும் அண்ணனுக்கும் போட்டுக் காட்டியபோது அவர்கள் விரும்பவில்லை. இசைத்தட்டு வெளியிடப்படாமல் அலுமாரிக்குள் போயிற்று. அது வெளிவந்தது 1996இல், அவர் இறந்து 13 ஆண்டுகளுக்குப் பிறகு. அதை அவர் அண்ணனுக்கே சமர்ப்பணம் செய்திருந்தார்.

அதே 1980ஆம் ஆண்டு ஓகஸ்ட் 31ஆம் திகதி ஒரு வர்த்தகரை மணந்தார். குடும்பமும் குழந்தைகளும் வேண்டும் என்பது அவருடைய நீண்டகால ஆசை. அந்த மணவாழ்வு ஓராண்டளவிலேயே முறிந்தது. 1981இல் அண்ணனும் தங்கையுமாக இன்னோர் இசைத்தட்டை வெளியிட்டார்கள். குரல் அப்படியே இருந்தது. பாடலைக் கேட்டவர்களால் அவருடைய நோயை ஊகித்திருக்க முடியாது.

நோயும் முடிவும்

அந்த நோய்க்கு அனொரெக்சியா நெர்வோசா என்று பெயர். 19ஆம் நூற்றாண்டில் வில்லியம் கல் என்ற ஆங்கில வைத்தியர் இட்ட பெயர் அது. பசியின்மை என்பது அதன் பொருள். ஆனால் பொருத்தமான பெயரன்று, ஏனெனில் நோயாளிக்குப் பசி இருக்கும். அதை அடக்குவதே தாம் அடைந்த வெற்றி என்று மனம் நம்பத் தொடங்கிவிடும். எலும்பும் தோலுமாக ஆனபின்பும் கண்ணாடியில் பருமனான உருவமே தெரியும். உணவு கிடைக்காத உடல் தன் தசைகளையே எரித்து உயிர்வாழப் பார்க்கும். இதயமும் ஒரு தசையே, ஆகவே அதுவும் நலியும். நாடி மெதுவாகும், மாதவிடாய் நின்றுபோகும், எலும்புகள் பலம் குன்றும், எப்போதும் குளிரும். இரத்தத்திலுள்ள பொட்டாசியம் போன்ற உப்புகள் குறைந்தால் இதயத் துடிப்பு திடீரென ஒழுங்கு மாறலாம். பெரும்பாலும் பதின்ம வயதுப் பெண்பிள்ளைகளையே இது பிடிக்கிறது. எதையும் குறையின்றிச் செய்து முடிக்க விரும்பும் கெட்டிக்காரப் பிள்ளைகள் பலர் இதற்கு ஆளாகிறார்கள் என்பதை வைத்தியர்கள் அவதானித்துள்ளனர். இதற்கு ஒரு தனிக் காரணம் இல்லை. பிறவியியல்பும் குடும்பச் சூழலும் சமூகத்தின் பார்வையும் ஒன்றாகச் சேர்ந்தே இதைத் தோற்றுவிக்கின்றன. எனவே கரனின் நோய்க்கு எவரேனும் ஒருவரைக் குற்றவாளியாக்குவது நியாயமாகாது.

தமக்கு உதவி வேண்டும் என்பதைக் கரனே ஒப்புக்கொண்டார். 1982 ஜனவரியில் நியூயோர்க் சென்று, ஹோட்டல் ஒன்றில் தங்கி, ஸ்டீவன் லெவன்குரொன் என்ற உளச்சிகிச்சையாளரிடம் ஏறத்தாழ ஓராண்டு காலம் தொடர்ந்து சென்றார். சிகிச்சையின் ஒரு கட்டத்தில் பெற்றோரும் அண்ணனும் வரவழைக்கப்பட்டனர். மகள்மீதுள்ள அன்பை வாய்விட்டுச் சொல்லும்படி அவர்களிடம் கேட்கப்பட்டபோது தாயார் தடுமாறினார் என்று கரனின் வாழ்க்கை வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். அன்பில்லாத தாய் அல்லர் அவர். அதைச் சொல்லில் வெளியிடும் பழக்கம் இல்லாத வீடு அது. எமது வீடுகளிலும் அன்பு சோறாகவும் கறியாகவும் வெளிப்படுகிறதேயன்றிச் சொல்லாக வெளிப்படுவது குறைவு. அந்தச் சோற்றையே பிள்ளை மறுக்கும்போது தாய்க்கு வேறு மொழி தெரிவதில்லை.

செப்டெம்பரில் கரனின் உடல் நிலை மோசமாகி, நியூயோர்க்கின் லெனொக்ஸ் ஹில் வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டார். நாளத்தினூடாக ஊட்டம் செலுத்தப்பட்டது. எடை கூடியது. நவம்பரில் கலிபோர்னியா திரும்பினார். எல்லோரும் மீண்டுவிட்டார் என மகிழ்ந்தனர். புதிய பாடல்கள் பற்றிப் பேச்சு நடந்தது. டிசெம்பர் 17ஆம் திகதி, தமது ஞானப்பிள்ளைகள் படித்த பாடசாலையில் சிறுவர்களுக்காக நத்தார் கீதங்கள் பாடினார். மக்கள் முன் அவர் பாடியது அதுவே கடைசி. பாடசாலையொன்றில் தொடங்கிய இசை வாழ்வு பாடசாலையொன்றிலேயே நிறைவடைந்தது.

1983 பெப்ரவரி 3ஆம் திகதி இரவு டௌனியில் பெற்றோரின் வீட்டில் தங்கினார். அடுத்த நாட் காலையில் அவர் மயங்கி விழுந்து கிடப்பதைத் தாயார் கண்டார். உடனடியாக வைத்தியசாலைக்குக் கொண்டு சென்றும் பயனில்லை. இதயம் செயலிழந்திருந்தது. நீண்டகாலப் பட்டினியும், எடையைக் குறைப்பதற்காக அவர் இரகசியமாக எடுத்த மருந்துகளும் இதயத்தைச் சிதைத்திருந்தன என்பது மரண விசாரணையில் தெரியவந்தது. 33ஆவது பிறந்த நாளுக்கு இன்னும் நான்கு வாரங்கள் இருந்தன. டௌனியிலுள்ள மெதடிஸ்த தேவாலயத்தில் நடைபெற்ற இறுதி ஆராதனையில் முன்னாளைய ஆசிரியர் பிராங்க் பூலரின் பாடகர் குழு பாடியது.

அவருக்குப் பின்

கரன் இறந்த செய்தி வெளியான வாரங்களில் பத்திரிகைகளும் தொலைக்காட்சிகளும் இந்நோயைப் பற்றி விரிவாகப் பேசத் தொடங்கின. அதுவரை தம் மகளுக்கு நேர்வது பிடிவாதமா, பேய்க்குணமா என்று அறியாது தவித்த பெற்றோர் பலருக்கு அதுவொரு நோய் என்பதும் சிகிச்சை உண்டு என்பதும் தெரியவந்தன. மறைத்து வைத்திருந்த பெண்கள் துணிந்து உதவி கேட்டனர். காப்பென்டர் குடும்பத்தினரும் அவருடைய பெயரில் ஒரு நிதியத்தை நிறுவினர். அவர் படித்த லோங் பீச் பல்கலைக்கழகத்தில் 1994இல் திறக்கப்பட்ட கலையரங்கம் அண்ணன் தங்கை இருவரின் பெயரையும் தாங்கி நிற்கிறது.

உயிரோடிருந்த காலத்தில் அவர்களுடைய இசையைச் சீனிப்பாகு என்று எள்ளி நகையாடிய விமர்சகர்கள் பின்னர் மனம் மாறினர். 1994இல் புதுத் தலைமுறை றொக் இசைக்குழுக்கள் ஒன்றுகூடி அவர்களுடைய பாடல்களைப் பாடி ஓர் இசைத்தட்டை வெளியிட்டன. 1995இல் யப்பானியத் தொலைக்காட்சி நாடகமொன்றில் பழைய பாடல்கள் ஒலித்ததைத் தொடர்ந்து, அவர் இறந்தபின் பிறந்த பிள்ளைகளும் அவருடைய இசைத்தட்டுகளை இலட்சக்கணக்கில் வாங்கினார்கள். மகிழ்ச்சியான பாடலிலும் அடியில் ஒரு துயரம் ஓடுவதை இப்போது கேட்பவர்கள் உணர்கிறார்கள். அது அன்றும் இருந்தது. இனிமையில் மயங்கிய நாம் அதைக் கவனிக்கவில்லை.

எம்மவர்க்கு

இந்த வரலாற்றை அமெரிக்காவில் நடந்த ஒன்றாக எண்ணி நாம் ஒதுக்கிவிட முடியாது. பழைய மாணவிகள் ஒன்றுகூடும் வைபவங்களை நினைத்துப் பாருங்கள். பல ஆண்டுகளுக்குப் பின் ஒருவரையொருவர் காணும்போது நாம் முதலில் சொல்வது மெலிந்துவிட்டதைப் பற்றியோ கொழுத்துவிட்டதைப் பற்றியோதான். அன்பினாற் சொல்கிறோம் என்பது உண்மையே. வளர்ந்தவர்கள் அதைச் சிரித்துக்கொண்டு கடந்துவிடுவார்கள். ஆனால் அருகில் நிற்கும் பதினான்கு வயதுப் பேத்தி அதைக் கேட்டுக்கொண்டு நிற்கிறாள். பாடசாலை நாடகத்தில் யார் இளவரசி, யார் தோழி என்பதை உடலைப் பார்த்துத் தீர்மானிக்கும்போதும், கலியாணப் பேச்சில் பெண்ணின் நிறையைக் கதைக்கும்போதும் அவள் கேட்டுக்கொண்டுதான் நிற்கிறாள்.

எமது சங்கத்தில் ஆசிரியைகளும் வைத்தியர்களும் தாதியரும் உளவளத்துணையாளரும் நிறைய இருக்கிறார்கள். இலங்கையிலும் சரி, புலம்பெயர்ந்த நாடுகளிலும் சரி, எமது பிள்ளைகளிடையே இந்நோய் உண்டு என்பதை அவர்கள் அறிவார்கள். கெட்டிக்காரி என்று நாம் பெருமைப்படும் பிள்ளை சாப்பாட்டு மேசையைத் தவிர்க்கத் தொடங்கினால், வெயிற்காலத்திலும் உடலை மூடி உடுத்தினால், சாப்பிட்டேன் என்று அடிக்கடி பொய் சொன்னால், அதட்டுவதோ கெஞ்சுவதோ போதாது. தாமதியாமல் வைத்தியரிடம் கூட்டிச் செல்ல வேண்டும். ஆரம்பத்திலேயே சிகிச்சை தொடங்கினால் பெரும்பாலானோர் குணமடைகிறார்கள். கரனுக்கு அந்த ஆரம்பம் ஏழெட்டு ஆண்டுகள் பிந்திக் கிடைத்தது.

பாடசாலையால் என்ன செய்ய முடியும் என்பதற்கும் கரனின் வாழ்வு சான்று. டௌனியில் தயங்கிய ஆசிரியர் ஈற்றில் இடம் கொடுத்தபடியால்தான் ஒரு பெண்பிள்ளை குச்சிகளைக் கையிலெடுத்தாள். தன் உடல் எப்படித் தெரிகிறது என்று எண்ணாமல், தன் கைகள் என்ன செய்கின்றன என்பதை மட்டும் எண்ணி மகிழ்ந்திருந்த இடம் அவளுக்கு அதுவே. அத்தகைய ஓர் இடத்தை ஒவ்வொரு மாணவிக்கும் தேடிக் கொடுப்பதும், அவளாகக் கண்டெடுத்த இடத்திலிருந்து அவளை எழுப்பிவிடாதிருப்பதும் அடுத்த நூற்றாண்டில் அடியெடுத்து வைக்கும் எமது கல்லூரிக்குரிய பணிகளுள் சிறியதன்று.